கண்ணாடிச் சுவர்

தடைக்காலம், முப்பத்தெட்டாம் நாள்.
தங்கச்சிமடத்தில் படகெல்லாம் ஒன்றோடொன்று உரசிக் கிடக்க
என்ஜினைப் பிரித்துப் போட்ட டிரைவர் நான்
மகள் பக்கத்தில் குந்தியிருக்கிறேன்.
லேப்டாப்பில் ஒரு தீவு.
முட்டைக்கோஸ் நடலாம், கோழி வளர்க்கலாம், தூண்டில் போடலாம்.
யாரும் சாகாத விளையாட்டு,
அதனால்தான் மெற்றில்டா விட்டுவைத்திருக்கிறாள்.

ப்ளேவியாவுக்குப் பன்னிரண்டு வயது.
"முதல்ல பழசை நகல் எடுக்கணும்ப்பா" என்கிறாள்.
எடுக்காமல் போட்டுப் போன வாரம்
கோழிகளுக்கு முகமே இல்லாமல் போயிற்று,
கடைக்காரர் தலைகீழாக நடந்தார்.
தம்பி சிரித்துச் சிரித்து விக்கல் எடுத்தான்.
இவள் அழுதாள்.

மோட் என்பது ரசிகர்கள் செய்து சும்மா கொடுப்பது.
செய்தவன் எந்த ஊரோ.
"எதுக்கு மெனக்கெடுறான்?" என்றேன்.
"பிடிச்சிருக்கு, அதான்."
ஐந்து பேர் பங்கு பிரிக்கும் படகில் வளர்ந்த புத்திக்கு
அது சட்டென்று ஏறவில்லை.

தண்ணீர்த் தொட்டி ஓரம்தான் சிக்னல்.
போனை அங்கே கல் வைத்து நிறுத்திவிட்டுக்
கீழே வந்து காத்திருந்தோம்.
பிறகு அவிழ்த்தாள்,
கோப்புக்குள் கோப்பு, அதற்குள் இன்னொன்று.
சரியான இடத்தில் போடாவிட்டால்
விளையாட்டு அதைக் கண்டுகொள்ளாதாம்.
மழையை மாற்றுவது முன்னால், மீனை மாற்றுவது பின்னால்.
முன்பின்னானால் இரண்டும் அடித்துக்கொள்ளும்.

மீன் மோட் அவளே செய்தது.
நான் சொல்லச் சொல்லக் கட்டம் கட்டமாக நிறம் வைத்தாள்.
நகரைக்குச் சிவப்பு, தக்காளிச் சிவப்பு இல்லை.
ஊளிக்குத் தாடை நீளம்.
காரலுக்கு வெள்ளி; தொட்டால் கையில் ஒட்டுகிற வெள்ளி.
"ஒட்டுறதை எப்படிப்பா வரையுறது?"
எனக்கும் தெரியவில்லை.
பதினாறுக்குப் பதினாறு கட்டத்தில்
காரல் கொஞ்சம் கரண்டி மாதிரிதான் வந்தது.
ஆனாலும் தூண்டிலில் அது ஏறியபோது
மேலே 'காரல்' என்று எழுத்து எழும்பியது.
மெற்றில்டா அடுப்பை விட்டு வந்தாள்.
"என்ன விலைக்குப் போகுது?"
"நாப்பது காசு."
"ஏமாத்துறான்" என்றாள்.

அடுத்த மோட் வேறு யாரோ செய்தது.
தீவைச் சுற்றிக் கடலில் ஒரு கண்ணாடிச் சுவர் உண்டு.
படகு முட்டும், நிற்கும்,
பொம்மைப் பெண் இல்லை இல்லை என்று தலையாட்டுவாள்.
அந்தச் சுவரை எடுத்துவிடும் கோப்பு.
ஆறு கே.பி.
கண் சிமிட்டுமுன் இறங்கிவிட்டது.

நான் ஒன்றும் சொல்லவில்லை.
அவளுக்கு இரண்டு வயதில்
ஒரு விடியற்காலை எங்கள் ஜி.பி.எஸ். கீச்சிட்டது.
கச்சான் தள்ளியது என்றுதான் எல்லாரிடமும் சொன்னேன்.
பாதி அது, பாதி மீன்.
சாம்பல் நிறக் கப்பல் ஒன்று விளக்கடித்தது.
நாற்பத்தொரு நாள்.
நான் வந்தேன், படகு வரவில்லை.
அவளிடம் சொன்னதில்லை,
ஆனால் கடன்காரன் வாசலில் சொன்னதெல்லாம்
அவள் காதிலும் விழுந்திருக்கும்.

படகை ஓட்டினாள்.
சுவர் இருந்த இடம் வந்தது, போனது.
எதுவும் கீச்சிடவில்லை. யாரும் வரவில்லை.
நீலம், மேலும் நீலம்.
ஓரிடத்துக்குப் பிறகு அலைகூட இல்லை.
தூண்டில் போட்டாள், நூல் இறங்கிக்கொண்டே இருந்தது.
"இங்க ஒண்ணுமே செய்யலப்பா.
யாரும் வரமாட்டாங்கன்னு விட்டுட்டாங்க."

அந்தப் பக்கம் எனக்குத் தெரியும்.
அங்கும் ஐஸ் பெட்டி, அங்கும் காக்கை.
சிறையில் என் பாய்க்குப் பக்கத்துப் பாய்க்காரன்
எங்கள் இழுவைமடி அவன் வலையை அறுத்த கதையைச் சொன்னான்,
தமிழில்தான்.
வசவில் ஆரம்பித்துப் பீடியில் முடித்தான்.

"காரலை இங்கயும் விடவா?" என்கிறாள்.
விடு என்றேன்.
அப்புறம்,
"தூரத்துல ஒரு சின்னப் படகும் வை. வலையோட.
நாம அதுமேல ஏறிப் போகாத மாதிரி."
"அது கஷ்டம்ப்பா, தனியா எழுதணும்."
"இன்னும் இருபத்துமூணு நாள் இருக்கே" என்றேன்.

முதலில் நகல் எடுத்தாள்.