தெ.மெ.வி.

நாளைக் காலை பஸ்ஸில் அடைக்கப்பன் வருகிறான்,
நாத்தனார் மகன். பரீட்சைக்குப் படிக்க
இந்தக் கம்ப்யூட்டரை எடுத்துப் போவான்.
"ஒண்ணும் அழிக்க வேணாம் அயித்தை,
அப்படியே குடுங்க" என்கிறான் போனில்.

அப்படியே கொடுத்தால் தெரிந்துவிடும்.

மணி இரண்டே கால். பள்ளத்தூர் உறங்குகிறது.
இவுக காரைக்குடிக் கடையில்.
உக்கிராண அறையில் யு.பி.எஸ். மட்டும்
சீக்குக் கோழி மாதிரி விட்டு விட்டுக் கத்துகிறது.

கண்ட்ரோல் பேனலில் பட்டியல் இறங்குகிறது.
டேலிக்கும் பிரிண்டருக்கும் நடுவில்
என் லாரி ஆட்டம்.
பதினோரு வருஷம்.
கொழுந்தன் போட்டது என்று சொல்ல
எடுத்து வைத்திருந்த பொய் அப்படியே இருக்கிறது.
யாரும் கேட்கவில்லை.

நீக்கவா? ஆம்.
பச்சைக் கோடு நிரம்பி நின்றது.
"சில கோப்புகளை நீக்க இயலவில்லை.
நீங்களே நீக்கிக்கொள்ளவும்."

சரி, நானே.

டாக்குமென்ட்ஸுக்குள் ஒரு கோப்புறை,
அதற்குள் நூற்று நாற்பது சேமிப்பு.
தேதிகளுக்குப் பக்கத்தில் எல்லாம் மத்தியான மணி.
ஒன்றே ஒன்று நள்ளிரவு.
மாமனார் காரியம் முடிந்த அன்று
வளவு நிறைய ஆள் படுத்திருக்க
ஹெட்போன் மாட்டிக்கொண்டு
ஹாம்பர்க்கிலிருந்து உறைமீன் ஏற்றிப் போனேன்.

இந்த வீட்டு ஸ்கூட்டர் சாவி
எந்த ஆணியில் தொங்கும் என்பது தெரியும்.
அதோடு சரி.
ஆட்டத்தில் ஒன்பது வண்டி, பதினோரு டிரைவர்.
பேங்க் கடன் நாலு லட்சம் யூரோ,
வட்டியோடு அடைத்தது மூன்றாம் வருஷம்.

முதல் நாள் அது கேட்டது: கம்பெனி பெயர்?
எங்கள் வாசல் நிலைக்கு மேலே
மூன்று தலைமுறை ஆண் எழுத்து, விலாசம்.
பினாங்கில் அந்த மூன்றெழுத்தைக் காட்டினால்
உண்டியல் மாறுமாம்.
கொஞ்சம் யோசித்து அடித்தேன்.
தெய்வானை, மெய்யம்மை, விசாலாட்சி.
தெ.மெ.வி.
புள்ளி வைக்க மறக்கவில்லை.
மேலாள் நான், அடுத்தாள் நான்,
பெட்டியடியில் உட்கார்ந்ததும் நான்.
இரண்டாம் கட்டை விட்டு நகராமல்
கொண்டுவிக்கப் போனேன்.

கோப்புறை குப்பைத்தொட்டிக்கு.
குப்பைத்தொட்டியும் காலி.
அடுத்து ஆப்டேட்டா.
மறைத்ததைக் காட்டு என்று டிக் அடித்தால்தான்
அந்த அறைக்குக் கதவு இருப்பதே தெரியும்.
உள்ளே ஒரு எஞ்சின் சத்தம், பாதி.
ஏதோ ஊர் மழையின் படம்.

அப்புறம் ரிஜிஸ்ட்ரி.
கை தவறினால் மெஷினே எழுந்திருக்காது என்பார்கள்.
பேரேட்டில் பேரை அடித்தால் போதுமா,
ஐந்தொகையில் இருக்கும், குறிப்பில் இருக்கும்,
மஞ்சள் தடவிய முதல் பக்கத்தில் இருக்கும்.
தேடு: தெ.மெ.வி.
நீக்கு. அடுத்தது தேடு. நீக்கு.
இருபத்தேழுக்குப் பிறகு "தேடல் முடிந்தது" என்றது.
சொம்பை எடுத்துத் தண்ணீர் குடித்தேன்.

திரையில் குட்டி லாரி ஒன்று இன்னும் நிற்கிறது,
படம் போய், வெறும் வெள்ளைத் தாளாக.
தட்டினால் தேடுகிறது, தேடுகிறது,
கையை விரிக்கிறது.
அதையும்.

தெருவில் ஹாரன்.
எதிர்வீட்டுக்கு எம்-சாண்ட் கொண்டுவந்த டிராக்டர்
பெட்டியோடு சந்தில் மாட்டிக்கொண்டது.
பையன் ஸ்டீயரிங்கோடு மல்லுக்கு நிற்கிறான்.
பெட்டி மறுபடி மறுபடி சுவரைப் பார்த்தே போகிறது.
உறக்கம் கலைந்த நாலு பேர்
நாலு திக்கில் கை காட்டுகிறார்கள்.

படியில் நின்றேன்.
"தம்பி, பெட்டி வலப்பக்கம் போகணும்னா
நீ இடப்பக்கம் ஒடி. கொஞ்சம். போதும்.
இப்ப வலது. அது பின்னாலயே போ.
கண்ணாடியப் பாரு, அவுகளப் பாக்காத."

சுவருக்கும் சக்கரத்துக்கும் நாலு விரல் விட்டு
வண்டி வெளியே வந்தது.
பையன் இறங்கித் துண்டால் முகத்தைத் துடைத்தான்.
"அக்கா என்ன வண்டி ஓட்டுனீக?"

"பதினாலு சக்கரம்" என்றேன்.
உள்ளே யு.பி.எஸ். கத்திக்கொண்டிருந்தது.