தொடர்ச்சி

பத்தொன்பது வருடமாக என் வேலை
தம்ளரில் தண்ணீர் எதுவரை நின்றது என்று குறித்துவைப்பது.
சட்டையில் எத்தனையாவது பொத்தான் திறந்திருந்தது,
சிகரெட் எவ்வளவு எரிந்திருந்தது,
வகிடு வலமா இடமா.
என் பெயர் திரையில் ஏறுவதற்குள்
எல்லோரும் எழுந்து போயிருப்பார்கள். அது சரிதான்.
பிசகினால்தான் நான் இருந்ததே தெரியும்.

க்லாய்பேடா துறைமுகத்தில், காலியான மீன் கிடங்குக்குள்
ஒட்டுப்பலகையில் ஒரு வீடு கட்டினோம்.
கதை இவ்வளவுதான்:
கடலுக்குப் போன கணவன் திரும்பி வருகிறான்.
இவன் அவனில்லை என்கிறாள் மனைவி.
அவன்தானா என்பதை இயக்குநர் தௌமந்தாஸ்
நடிப்பவனுக்கும் சொல்லவில்லை.

என்னை மட்டும் ஜெனரேட்டர் வண்டிக்குப் பின்னால் கூப்பிட்டார்.
"காட்சிக்கு ஒன்று. ஒன்றே ஒன்றை இடம் மாற்று.
யார் கேட்டாலும் இல்லையென்று சொல்."

முதல் நாள் உப்புக் குப்பி.
திருடியவள் போலக் கை நடுங்கியது.
மறுநாள் திரைச்சீலை.
பிறகு பழகிவிட்டது.
பழகியதைச் சொல்லத்தான் கூச்சம்.

பதினோராம் நாள், ஓடிக்கொண்டிருந்த காட்சியின் நடுவே
ஸ்கைஸ்தே வசனத்தை விட்டுவிட்டாள்.
"கடிகாரம் ஜன்னலுக்கு அந்தப் பக்கம் இருந்தது."
கணவனிடம் சொல்லவில்லை.
விளக்குகளைத் தாண்டி
இருட்டில் உட்கார்ந்திருந்த என்னிடம்.
காமிரா நிற்கவில்லை.
நான் குறிப்பேட்டைப் புரட்டினேன்,
புரட்டுவதாக நடித்தேன்.
"இல்லையே. எப்போதும் இந்தப் பக்கம்தான்."

அவள் முகத்துக்குள் ஏதோ இறங்கியது,
நங்கூரம் இறங்குவதுபோல,
சங்கிலிச் சத்தம் மட்டும் இல்லாமல்.
அந்த முகத்துக்குத்தான் இப்போது பரிசு தருகிறார்கள்.

வில்னியஸில் முதல் காட்சி.
பக்கத்து இருக்கை அவளுடையது.
அந்த இடம் வந்ததும் என் மணிக்கட்டைப் பிடித்தாள்.
கடிகாரம் இந்தப் பக்கம்.
அதற்கு முந்தைய காட்சியிலும் இந்தப் பக்கம்.
அந்தப் பக்கம் இருந்த துண்டை
நீளம் கருதி வெட்டியிருந்தார்கள்.
"அப்போ நீ சொன்னதுதான் சரி," என்றாள்.
பிடியை விட்டுச் சிரிக்கவும் செய்தாள்.
ஒரு மாதிரிச் சிரிப்பு,
யாரோ தொலைபேசியில் தவறான எண் என்றதும்
மன்னிப்புக் கேட்டுக்கொண்டே சிரிப்போமே, அது.

போலராய்டு என்னிடம் இருக்கிறது.
மணி நான்கு இருபது, ஜன்னலுக்கு அந்தப் பக்கம்.
பின்புறம் என் கையெழுத்தில் தேதி.
உறையில் போட்டு, அவள் முகவரி எழுதி,
தபால்தலையும் ஒட்டிவிட்டேன்.
அது போன குளிர்காலத்துக்கு முந்தின குளிர்காலம்.

தபால்தலை விலை
அதற்குள் இரண்டு முறை ஏறிவிட்டது.