முப்பது சென் குறைவு

வாக்குச்சீட்டில் இரண்டு பெயர் எழுத வேண்டும்.
யாருக்கு என்று ஒன்று. யார் என்று இன்னொன்று.
கீழே ஊர், வீட்டு எண், சிவப்பு முத்திரை.
ரகசியம் என்ற சொல்லைச் சட்டத்தில் தேடிப் பார்த்துவிட்டேன்;
எங்கள் அலுவலகத்துக்கு அதைப் படியெடுத்தவன் நான்தான்.

தோசா மலையடிவாரம். மெய்ஜி இருபத்தைந்து, பிப்ரவரி.
பதினைந்து யென் நேரடி வரி கட்டும் ஆண்
வாக்காளன்.
நான் கட்டுவது பதினான்கு யென் எழுபது சென்.
எழுதத் தெரியாத வாக்காளர் வந்தால்
அவர் வாயிலிருந்து விழுவதைத்
தாளில் பிடித்துத் தருவது என் வேலை.

அந்த வாரம் முழுக்க என் கதவு தூங்கவில்லை.
லிபரல் கட்சிப் பையன்கள் மூங்கில் ஈட்டியோடு வந்தார்கள்.
அரசாங்கக் கட்சியார் சாக்கே பீப்பாயை உருட்டி வந்தார்கள்.
"யார் யாருக்கு நீர் எழுதுவீர்?"
கேள்வி ஒன்றுதான், மூச்சின் வாடைதான் வேறு.
அக்கரையில் ஒரு வைக்கோல் கூரை எரிந்தது.
எந்தக் கட்சியின் தீ என்று
அணைக்கப் போனவர்களுக்கும் தெரியவில்லை.

பதினைந்தாம் தேதி, மரக்கடை ஒகபயாஷி கமெஜிரோ வந்தார்.
தேவதாருவை ஒரு தட்டுத் தட்டி வயது சொல்கிறவர்.
அவர் பெயரில் இரண்டு மரங்கள் நிற்கின்றன,
அது அவருக்குத் தெரியாது.
இரண்டையும் தாளில் நட்டேன்.

"வேட்பாளர்?"

எனக்குப் பின்னால் கான்ஸ்டபிள்,
இடுப்பு வாளின் பிடியில் பெருவிரல்.
கமெஜிரோ கண்ணை மூடி,
கஷாயம் விழுங்குகிறவர் போல,
"மொரி..." என்றார்.
நின்றுவிட்டார்.

மொரிசவா அரசாங்கத்தின் ஆள்.
மொரிவாக்கி லிபரல்.
இருவருக்கும் முதல் எழுத்து ஒன்றே:
மூன்று மரம், அடர்ந்து, காடு.
காட்டை எழுதி முடித்தேன். தூரிகை நின்றது.
அடுத்து சதுப்பு என்றால்
மூன்று நீர்த்துளியில் தொடங்க வேண்டும்.
விலாப்புறம் என்றால் ஒரு நீண்ட வீச்சு,
பிறகு பலம் என்ற எழுத்து, மூன்று முறை.

அவர் வாய் திறக்கவில்லை.
வாளுறை என் நாற்காலிக் காலில் இடித்தது.
நுனியில் மை கனத்து,
கனத்து,
காட்டின் கீழே இடப்பக்கம்
சொட்டியது.

முதல் துளி.

மற்ற இரண்டையும் நான்தான் வைத்தேன்.
அதை மைமேல் போட மாட்டேன்.
அவர் முத்திரையை ஊதி, அழுத்தினார்.
தாளை அவர் பார்க்கவே இல்லை, பார்த்தும் என்ன.

அன்று இரவு பெட்டியைத் தூக்கிப் போனவர்களைப்
பாலத்தில் மடக்கினார்கள்.
ஒருவன் செத்தான். சுமைகூலிக்கு வந்தவன்,
வரி என்று ஒரு சென் கட்டாதவன்.
பெட்டி ஆற்றில்.
விடிந்தபோது சீட்டுகள் நாணலில் ஒட்டிக் கிடந்தன,
முத்திரைகள் கரைந்து எல்லாம் வெளிர்சிவப்பு.

எட்டு நாள் கழித்து மறுதேர்தல்.
கமெஜிரோ வந்தார். நான் தூரிகையை எடுத்தேன்.
"கொடு" என்று வாங்கிக்கொண்டார்.
விரல் இடுக்கெல்லாம் மை. நகத்திலும்.
எட்டு இரவு.
கோடாரி பிடிக்கிற பிடியில் பிடித்து
தன் ஊரை, தன் இரண்டு மரங்களை,
பிறகு காட்டை.
நான் மைக்கல்லைத் தேய்த்தபடி குனிந்திருந்தேன்.
கான்ஸ்டபிள் எக்கிப் பார்த்தான்.

எண்ணும் அறையில் ஒரு சீட்டுக்குச் சண்டை.
காடு சரி. விலாவும் சரி.
ஆனால் பலம் இரண்டுதான் இருந்தது, மூன்றாவது இல்லை.
இப்படி ஓர் எழுத்தே கிடையாது, செல்லாது என்றார் ஒருவர்.
தலைமை அதிகாரி கண்ணாடியைக் கழற்றி
என் பக்கம் சீட்டை நகர்த்தினார்.
"எழுத்தர், இதை எப்படி வாசிப்பீர்?"

தாளில் கோடாரித் தழும்பு போலக் கோடுகள்.
வாசலில் அதே வாள்.

"மொரிவாக்கி" என்றேன்.
குரல் கொஞ்சம் அதிகமாகவே வந்துவிட்டது.

அந்த ஆண்டும் என் வரி
பதினான்கு யென் எழுபது சென்தான்.