எண்ணூற்றுப் பன்னிரண்டு

எங்கள் ஹோட்டலில் நான்காம் மாடி கிடையாது.
லிஃப்டில் மூன்று, அடுத்தது மூன்று ஏ.
சீனத்தில் நான்கென்றால் சாவு போல ஒலிக்குமாம்.
சாவு ஏறி வராதபடி
கட்டும்போதே பார்த்துக்கொண்டார்கள்.
மிச்சமெல்லாம் ராத்திரி மேசையில் இருக்கும்
என் பொறுப்பு.

அவன் வந்தது ஒன்று நாற்பதுக்கு.
ராஜா லாவுட் சாலையில் மழை விட்டிருந்தது.
கையில் இரண்டு பொட்டலம் நாசி லெமாக்,
காலில் ஈரச் செருப்பு.
கணவன் என்றால் இப்படித்தானே இருப்பான்.
"எட்டு பன்னிரண்டு, தங்கச்சி.
காடு உள்ளயே வச்சிட்டு எறங்கிட்டேன்.
வைஃப் தூங்கிட்டா, போன எடுக்கல."

விதி எனக்குத் தெரியும்.
அடையாள அட்டை. பதிவில் பெயர். அறைக்கு ஒரு போன்.
மேசைக் கண்ணாடிக்கு அடியில்
மூன்று மொழிகளில் ஒட்டியிருக்கிறது, தமிழில் இல்லை.
அவன் தமிழில் கேட்டான்.
"நம்ம புள்ளயே இப்படி நிக்க வச்சா எப்படிம்மா?"
நம்ம.
ஆறு வருஷத்தில் அந்த மேசைக்கு அந்தப் பக்கமிருந்து
யாரும் எனக்கு அந்தச் சொல்லைத் தந்ததில்லை.
புது அட்டையை இயந்திரத்தில் செருகினேன்.
பச்சை விளக்கு எரிய ஒரு நொடி.

பூட்டு திறந்தது.
சங்கிலி திறக்கவில்லை.
மூன்று விரல் இடைவெளி,
அதற்குள் அவன் கை, அவன் முழங்கை,
அவள் கத்தல்.
தில் பகதூர் லிஃப்டுக்குக் காத்திருக்காமல்
மூன்று ஏ-வையும் சேர்த்து ஏறி ஓடினான்.
அவன் போய்ச் சேரும்போது
சங்கிலித் தகட்டின் திருகாணிகள் மூன்று
கம்பளத்தில் கிடந்தன.
நான்காவது மட்டும் மரத்தை விடவில்லை.

போலீஸ் வந்து போன பிறகு
மேனேஜர் லோ கேமராவை ஓட்டிக் காட்டினார்.
ஏழு இருபது. நான். சொல்லிக்கொடுத்த சிரிப்பு.
எதிரே அவள், தைப்பிங்கிலிருந்து இரண்டு பஸ் மாறி
கோர்ட் உத்தரவைக் கைப்பையில் வைத்துக்கொண்டு.
பெயரைப் பார்த்ததும் எனக்குச் சந்தோஷம்.
தமிழிலேயே சொல்கிறேன்,
எண்ணூற்றுப் பன்னிரண்டு, எட்டாவது மாடி,
லிஃப்ட் விட்டு இறங்கி இடது கைப் பக்கம்.
படத்தில் ஒலி இல்லை.
என் வாய் ஒவ்வொரு எழுத்துக்கும்
அழகாகத் திறந்து திறந்து மூடுகிறது,
பக்கத்திலிருந்த தொட்டி மீனைப் போல.
தொட்டிக்குப் பின்னால் ஒரு தொப்பி
பேப்பர் படித்துக்கொண்டிருக்கிறது.
"உங்களுக்கு இவனைத் தெரியுமா, சுபலோசனா?"
லோ மூன்று முறை கேட்டார்.

விடிந்ததும் இறங்கி வந்தாள்.
"நீங்கதான் குடுத்தீங்களா?"
ஆமாம் என்றேன்.
திட்டியிருந்தால் வாங்கிக்கொண்டிருப்பேன்.
அட்டையைக் கவிழ்த்து வைத்துவிட்டு
"பின்வாசல் இருக்கா?" என்றாள்.
சலவை அறை வழியாகக் கூட்டிப் போனேன்.
சூடான விரிப்புகளின் வாசனையில்
இரண்டு பேரும் பேசவில்லை.

இப்போது எண்ணை எழுதி
உறையைத் திருப்பி நீட்டுகிறேன்.
கிளினிக்கில் டோக்கன் நம்பரைக் கூவினால்
திரும்பிப் பார்க்கிறேன், யார் கேட்கிறார்கள் என்று.

நேற்று சித்தியவானிலிருந்து ஒரு பெரியவர்.
காது மந்தம். உறையை வாங்கி
விளக்கடியில் பிடித்து
லாபி முழுக்கக் கேட்க வாசித்தார்:
"ஐநூத்தி மூணு!"
மன்னிக்கவும் ஐயா என்று வேறு அறை கொடுத்தேன்.
அதையும் வாசித்தார்.
மூன்றாவதை எழுதி உறையை ஒட்டி
தில் பகதூர் கையில் கொடுத்து
இருவரையும் லிஃப்டில் அனுப்பினேன்.
கதவு மூடும்போது பெரியவர் கேட்டது
இங்கே வரை கேட்டது:
"எத்தனாவது மாடின்னு சொன்னுச்சு அந்தப் புள்ள?"