அடைப்புக்குறிக்குள் இரண்டு ஈ

சித்தலிங்கா ஹெல்மெட்டைக் கழற்றாமலே
குப்பியில் ஒட்டிய பெயரை எழுத்துக்கூட்டினான்.
பாதியில் மூச்சு முட்டி,
"இது பேரா மேடம், அட்ரஸா?" என்றான்.

அட்ரஸ்தான், யோசித்தால்.
மிளகு என்று மூன்றெழுத்தில் முடிகிற காரத்தை
எங்கள் தொழிலில் விலாசமாக எழுதுகிறோம்.
ஐந்து கரி வரிசையாய் நிற்கும் சின்னத் தெரு.
இரண்டாம் வீட்டிலிருந்து அடுத்த வீட்டுக்கும்
நான்காம் வீட்டிலிருந்து அடுத்த வீட்டுக்கும்
இரட்டைக் கயிறு.
தெருவின் ஒரு கோடியில் நைட்ரஜன் வளையம்,
மறுகோடியில்
இரண்டு ஆக்சிஜனை இடுப்பில் வைத்த வளையம்.

கடைசியில் வரும் 'ஓன்', ஒன்று அல்ல.
வேலைக்குச் சேர்ந்த புதிதில் நானும் அப்படித்தான் படித்தேன்.
முதல் வீட்டு வாசலில் கட்டிப்போட்ட
ஆக்சிஜன் அது.

எல்லாவற்றுக்கும் முன்னால், அடைப்புக்குறிக்குள்,
இரண்டு ஈ.
பறக்கிற ஈ இல்லை,
கொடு என்கிற ஈயும் இல்லை.
எதிரெதிரே என்பதற்கு ஜெர்மன்காரர்கள் சொல்லும் சொல்லின்
முதலெழுத்து.
கயிற்றின் இரு முனையிலும் கனத்த ஆட்கள்
ஆளுக்கொரு பக்கமாய் நிற்கிறார்கள், அவ்வளவுதான்.
ஒரே பக்கம் சேர்ந்துகொண்டால்
ஈ போய் இஸட் வரும்.
அணு ஒன்றும் குறையாது.
தராசு கவனிக்காது.
நாக்குக்குத் தெரியும்.

உண்மையில் மூன்று நாள் முன்பே
பீன்யாவுக்கு வந்துவிட்டது குப்பி.
நாங்கள் இரண்டாம் ஃபேஸ், நான்காம் கிராஸ்.
அது போனது மூன்றாம் ஃபேஸ், நான்காம் கிராஸ்,
வால்வு செய்யும் கம்பெனி.
காவலாளி கையெழுத்துப் போட்டு வாங்கி,
இருமல் மருந்தென்று பிரித்து,
இல்லையென்று தெரிந்ததும் ஜன்னலில் வைத்தாராம்.
மார்ச் மாத வெயில்.
மெத்தனாலில் கரைத்த சத்து, வெள்ளைக் கண்ணாடியில்.
பழுப்புக் குப்பி, பழுப்புக் குப்பி என்று
இரண்டு மெயில் போட்டிருந்தேன் கொச்சிக்கு.

கருவியில் ஏற்றினேன்.
ஒரு சிகரம் எழவேண்டிய தாளில்
நாலு மேடு.
ரங்கநாத் பட் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்து
"தும்பா சென்னாகிதே" என்றார்.
கோபம் வந்தால் அப்படித்தான் சொல்வார்.

பைப்பரின். ஐசோபைப்பரின்.
சாவிசின். ஐசோசாவிசின்.
சாவிசினில் சாவு இல்லை;
செவ்வியக் கொடியின் பெயர்
லத்தீன் வரை போய் வந்திருக்கிறது என்கிறார்கள்.
பைப்பரினும் மிளகின் சொந்தப் பெயரில்லை.
திப்பிலிக்கு வைத்த பெயர்
கப்பலேறி மேற்கே போய்
மிளகின் தலையில் இறங்கியது.
அதுவே வேறு வீட்டில் கொடுத்த பார்சல்.
யாரோ கையெழுத்துப் போட்டு வாங்கியிருக்கிறார்கள்.

சித்தலிங்காவைத் திட்ட வாயெடுத்து
விட்டுவிட்டேன்.

ஜாலஹள்ளி வீட்டில்
இருதயராஜ் நைட் ஷிஃப்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தான்.
அவனுக்கு அது காலைச் சாப்பாடு, எனக்கு இரவு.
முட்டைமேல் மிளகுத்தூளைத் தட்டித் தட்டி
"காரமே இல்லடி" என்றான்.
கிழக்கு ஜன்னலில் புட்டி. வெள்ளைக் கண்ணாடி.
அங்கே வைத்தது அவன்தான்.
அலமாரிக்குள் வை என்று எத்தனை தடவை.
அதற்கு அவன் ஏதோ சொன்னான்,
மிளகைப் பற்றி இல்லை.
நானும் சொன்னேன்.
மேசைக்கு அந்தப் பக்கம் அவன், இந்தப் பக்கம் நான்.
முட்டை ஆறியது.

எழுந்து போய் அவன் பக்கத்தில் உட்காரலாமா
என்று ஒருகணம் தோன்றியது.
உட்காரவில்லை.
அவன் காதுமடல் சிவந்திருந்தது.
எனக்கும் கண் எரிந்தது, நல்ல எரிச்சல்.

நாளைக்குப் புதுக் குப்பி வருகிறது.
சித்தலிங்காவுக்கு
லொகேஷன் அனுப்ப வேண்டும்.