சக்கரம் கழுவும் இடம்

ஆளைப்போல நாலு மடங்கு உயரத்துக்கு
மணல் குவிந்திருக்கும் துவாஸில்
என் வேலை தண்ணீர்க் குழாய் பிடிப்பது.
கேட்டைத் தாண்டும் ஒவ்வொரு டிப்பருக்கும்
பத்துச் சக்கரம், இடுக்கு, மட்கார்டு, பின்கதவின் விளிம்பு.
ஒரு பிடி சாலையில் விழுந்தாலும்
கம்பெனிக்கு அபராதம்,
எனக்கு சூப்பர்வைசர் லிம்மின் வாய்.

அப்படிப்பட்டவன் பேரில் ஒரு மணல் கேஸ்.

கடலூர் ஜில்லா. இரவு இரண்டே கால்.
பாலத்துக்கு இந்தப் பக்கம் மறித்திருக்கிறார்கள்.
ஓட்டிய மச்சான் கரும்புக்குள் ஓடிவிட்டான்.
ஓடுவதற்கென்றே வாங்கிய லாரி
நின்றுவிட்டது.
ஆர்சி புத்தகத்தில் நான்:
தெய்வசிகாமணி, த/பெ அய்யாக்கண்ணு.
ஆறு வருஷ ஓவர்டைம் அது.
ஒருநாளும் அதில் ஏறி உட்கார்ந்ததில்லை.
அதன் ஹாரன் எப்படியிருக்கும் என்றால்
வாட்ஸப்பில் கேட்ட மாதிரி இருக்கும்.

வக்கீல் தணிகாசலம் குரல் செய்தி அனுப்புகிறார்,
பின்னால் பஸ் ஸ்டாண்டு இரைச்சல்:
"வெயில்ல மழையில நின்னா வண்டி வீணாப்போயிடும்,
அதைத்தான் மனுவுல எழுதறோம்.
கேஸ் முடியறவரைக்கும் இடைக்கால ஒப்படைப்பு.
ஓனர் கையெழுத்து வேணும் தம்பி.
ஓனர் எங்கே?"

ஓனர் ஒரு வியாழக்கிழமை
அரைநாள் சம்பளத்தை விட்டுவிட்டு
தூதரகத்தில் டோக்கனோடு நின்றான்.
பவர் பத்திரம், இரண்டு சாட்சி.
சாட்சிகள்: என் மேல் கட்டில், எதிர்க் கட்டில்.
கண்ணாடிக்குப் பின்னாலிருந்து கேட்டார்கள்,
வண்டி உங்களுடையதுதானா?
ஆமாம் என்று சொல்லும்போது
மணல் ஒட்டிய பூட்ஸை
இன்னொரு பூட்ஸால் மறைக்கப் பார்த்தேன்.
அதிலும் மணல்.

மச்சான் ஸ்டேஷன் வாசலிலிருந்து படம் அனுப்பினான்.
முன் டயர் இரண்டும் உட்கார்ந்துவிட்டன.
பேட்டரி இருந்த இடத்தில் ஒயர் மட்டும்.
லோடு அப்படியே இருந்தது.
அதன் உச்சியில் ஒரு ஆமணக்குச் செடி,
நாலு இலை விட்டு,
யாரிடமும் சீட்டு வாங்காமல்.

யாருக்கு அந்த லோடு என்று கேட்டேன்.
டைப் செய்தான். டைப் செய்தான்.
நிறுத்திவிட்டான்.
நம் வீட்டுப் பூச்சுவேலை பாதியில் நிற்கிறது,
கொத்தனாருக்கு எம்-சாண்டு வேண்டாமாம் என்று
கோமதி அதற்கு முந்தின வாரம்தான் சொல்லியிருந்தாள்.
நான் என்ன சொன்னேன்?
"ஏதாவது பார்த்துச் செய்யுங்க"
என்று சொன்னேன்.

ஐப்பசியில் ஆர்டர் வந்தது.
மேல் கட்டில் மலையரசன் சத்தமாக வாசித்தான்.
விற்கக் கூடாது.
நிறம் மாற்றக் கூடாது.
வேறு கைக்கு விடக் கூடாது.
கூப்பிட்ட அன்று கூப்பிட்ட இடத்தில் வந்து நிற்க வேண்டும்.
எல்லாப் பக்கமும் போட்டோ எடுத்துத் தர வேண்டும்.
ஒரு லட்சத்துக்குப் பிணைப் பத்திரம்.
மணல் அரசுக்கு.
முடித்துவிட்டுத் தலையணைக்கு அடியிலிருந்து
தன் வொர்க் பெர்மிட் அட்டையை எடுத்து
முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தான்.
"நமக்கு ஐயாயிரம் வெள்ளிதான்டா" என்றான்.
எதிர்க் கட்டில் சிரித்தது.
நானும்தான்.

வண்டி வெளியே வந்த ராத்திரி
இங்கே பார்ஜ் ஒன்று வந்து ஒதுங்கியது.
எந்த ஆற்று மணல் என்று யாருக்கும் தெரியவில்லை.
தாளெல்லாம் சரியாக இருந்தது.
விடிய விடிய முப்பத்தேழு டிப்பர்,
முந்நூற்றெழுபது சக்கரம்.

ஹோஸைச் சுருட்டிவிட்டுப் போனைப் பார்த்தால்
மச்சான் ஹாரன் அடித்து அனுப்பியிருந்தான்.
புது பேட்டரி. பன்னிரண்டு விநாடி.
காதோடு வைத்து இரண்டு தடவை கேட்டேன்.
கொஞ்சம் தொண்டை கட்டியிருந்தது.

பூட்ஸைக் கழற்றினேன்.
இரண்டிலும் சேர்த்து ஒரு கைப்பிடி தேறும்.
லிம் பார்த்துக்கொண்டிருந்தார்.
கேட்டுக்கு உள்ளேயே தட்டிக் கொட்டினேன்,
ஒரு மணி விடாமல்.