உறுதித் தேடல்

முப்பது வருடம் பின்னோக்கிப் பார்த்தால் போதும்,
அதற்குத்தான் காசு என்றார் சட்டத்தரணி.
ஒன்பது மாடி எழும்பப்போகிறதாம்
வெள்ளவத்தையில், கடற்கரைப் பக்கம், நாற்பத்தொன்பதாம் ஒழுங்கை.
காணிப் பதிவகத்தில் ஒரு மின்விசிறிதான் சுற்றுகிறது,
அதுவும் லிகிதரின் தலைக்கு மேல்.
நான் ஏடுகளை விரித்து, முப்பதில் நிற்காமல்
போய்க்கொண்டேயிருந்தேன்.

உயர்தரத்தில் தமிழ் எடுத்தவள் நான்.
முதல், கரு, உரி என்று கட்டம் கீறிப் பாடமாக்கியவள்.
சோதனை முடிந்ததும் எல்லாம் போய்விட்டது,
இது மட்டும் போகவில்லை:
நிலமும் பொழுதும் முதல்.
அங்கு உள்ளவை கரு.
அங்கு நேர்வது உரி.
உறுதி எழுதியவர்கள் இலக்கணம் படித்தவர்களாய்த் தெரியவில்லை.
ஆனாலும் பாருங்கள்,
திகதி முதலில் வருகிறது, பிறகு நிலம்,
பிறகு அதில் நிற்பவை எல்லாம்.

1911.
டொன் கரோலிஸ் ஹெட்டியாராச்சி விற்கிறார்,
செய்லானி மரைக்கார் வாங்குகிறார்.
பழைய கறுவாத் தோட்டத்தில் மூன்று றூட்.
தென்னை நாற்பது, பலா இரண்டு, கிணற்றில் அரைப்பங்கு.
மேற்கே புகையிரதப் பாதை. அதற்கும் மேற்கே
எவரிடமும் உறுதி இல்லாத கடல்.

1938.
துண்டு, துண்டுகளாகிவிட்டது. பதினாறு பேர்ச்.
தென்னை ஆறு.
கிழக்கே நூற்பாலைக்குப் போகும் வழி.
அந்தச் சொல்லில் கொஞ்சம் நின்றேன்.
நூற்பு ஆலை என்றுதான் பிரிக்க வேண்டும், தெரியும்.
நூல் பாலை என்றும் பிரியும்:
நூலில் உள்ள பாலை,
சொந்த நிலம் இல்லாத அந்தத் திணை.
மத்தியானச் சோற்று மயக்கம் என்று பக்கத்தைப் புரட்டினேன்.

1957. வாங்குபவர் சின்னையா தவராசரத்தினம்,
புகையிரதப் பகுதிக் கணக்காளர்.
ஓட்டு வீடு, கிணறு, மதில்.
ஓரத்தில், வேறு மையில், ‘ஒட்டுமா ஒன்று’.
மாமரத்தையும் சேர்க்கச் சொல்லி அந்த மனுசன்
நொத்தாரிசின் மேசையை விட்டு
அசையாமல் நின்றிருப்பார்.

அடுத்தது 1983, நவம்பர்.
சென்னையில் ஒப்பமிட்ட அற்றோணித் தத்துவம்.
விலை, யாரோ ஒரு பூச்சியத்தைத் தவறவிட்டது போல.
எல்லைகள் அதே நான்கு. பேர்ச் அதே பதினாறு.
வீடு, கிணறு, மதில், ஒட்டுமா இருந்த இடத்தில்
ஒரே சொல்:
வெறுங்காணி.

கருப்பொருள் இல்லாத உறுதியை அன்றுதான் பார்த்தேன்.
கடல் இருநூறு யார் தூரத்தில் கிடக்க
இதை நெய்தலில் போடுவதா?
ஜூலை என்று ஒரு மாதம்
இந்த ஏட்டுக்குத் தெரியாது.

பக்கத்துக் காணியின் ஏட்டையும் எடுத்தேன், காசில்லாத வேலை.
1990, 2004, 2016. மூன்று கை மாறியிருக்கிறது.
மூன்றிலும்
‘தெற்கே: முன்னர் சி. தவராசரத்தினத்துக்குச்
சொந்தமாயிருந்த வளவு.’
யாரும் வெட்டவில்லை.
பழையதைப் பார்த்து எழுதுகிறவர்கள்
பார்த்தபடியே எழுதியிருக்கிறார்கள்.
தன் காணியில் இல்லாத மனுசன்
அடுத்தவன் காணிக்கு எல்லையாக நிற்கிறார்.

நாலு மணிக்கு ஏடுகளைத் திருப்பி வாங்கிக்கொண்டார்கள்.
அறிக்கையின் கடைசிக் கட்டம்: வில்லங்கம்.
முப்பது வருடத்துக்குள் ஈடு இல்லை, வழக்கு இல்லை.
உரிக்கு அந்தத் தாளில் கட்டம் கீறியிருக்கவில்லை.
‘இல்லை’ என்று எழுதி ஒப்பமிட்டேன்,
இரண்டாயிரத்து ஐந்நூறு ரூபா.

நேரே வீட்டுக்குப் போகாமல் வெள்ளவத்தையில் பஸ்ஸை விட்டிறங்கி
ஒழுங்கைக்குள் நடந்தேன்.
தகர வேலி. இடுக்கால் பார்த்தால்
வெறுங்காணியில் ஒரு கிணறு.
மண் கொட்டி நிரப்பிக்கொண்டிருந்தார்கள்,
ஒவ்வொரு கூடைக்கும் தண்ணீர் ஒரு சத்தம் போட்டது.
யாரைத் தேடுகிறீர்கள், என்றான் காவலாளி.
தெற்கு எல்லையை, என்றேன்.